சந்தை நிலவரம்

என் முதற் செய்தி ஒரே ஒரு வரி:
மண்ணெண்ணெய், போத்தல் இருநூற்றி நாற்பது.

மறுநாள் காலை
வெறும் போத்தலோடு ஒருவர்
இணுவிலில் இருந்து சைக்கிளில் வந்து
அலுவலக வாசலில் நின்றார்.
"உந்த விலைக்கு எங்கை பிள்ளை கிடைச்சது?
எனக்கும் ஒண்டு வாங்கித் தா."

இரண்டாவது செய்தி, திருத்தம்.

பள்ளிக்கூடக் கொப்பித் தாளில்
பேப்பர் அச்சான காலம் அது.
சிவப்புக் கோட்டில் விலைகளை நிறுத்தினோம்,
விழுந்துவிடாமல்.
மற்றவர்கள் எங்கே ஷெல் விழுந்ததென்று எழுதினார்கள்.
நான் மெழுகுதிரி ஐந்து ரூபாய் ஏறியதென்று எழுதினேன்.
சவர்க்காரம் பாதிக் கட்டியாய் விற்பதை,
கஸ்தூரியார் வீதியில்
பவுண் விற்க வருகிறவர்கள்தான் உண்டு,
வாங்க வருகிறவர்கள் இல்லை என்பதை.
வெட்டுகிறவர்களின் பேனைக்கு
என் பக்கத்தில் ஒன்றும் அகப்படவில்லை.
எண்களை யார் சந்தேகிப்பார்கள்.

பாதை திறந்தது.
ஒரே வீதியில் ஒன்பது வங்கி.
தவணைக்கு எடுத்த முச்சக்கரவண்டிகளை
தவணை தவறப் பறித்துக்கொண்டு போனதை
தொடராக எழுதினேன், ஏழு கிழமை.
எட்டாம் கிழமை அந்தக் கம்பனி
முழுப்பக்க விளம்பரம் தந்தது.
ஒன்பதாம் கிழமை எனக்குத் தொடர் இல்லை.

அப்படித்தான் வெளியே வந்தேன்.
நாலு பேர், இரண்டு கணினி,
பலாலி வீதியில் ஒரு மாடி அறை,
மழைக்கு ஒழுகும்.
செய்தியை எழுதி மற்றவர்களுக்கு விற்கும் தொழில்.

பதவி உயர உயர
என் வாக்கியங்கள் குறைந்தன.
கடைசியில் மின்னஞ்சலுக்குக் கீழே
என் பெயர் மட்டும் மிஞ்சியது:
த. சுபோதினி, பிரதம நிறைவேற்று அதிகாரி.
வாசகர் சந்தாதாரர் ஆனார்.
செய்தி உள்ளடக்கம் ஆனது.
அந்தச் சொல்லை முதன்முதல் சொன்ன நாள்
வாய் கொப்புளித்தேன்.
பிறகு பழகிவிட்டது.

போன மாதம் செலவு அட்டவணை வந்தது.
நாற்பத்தோராம் வரிசை:
சுன்னாகம் சந்தை விலை, நாளாந்தம்.
பிரணவரூபன், மோட்டார் சைக்கிள், எரிபொருள், தொலைபேசி.
மாதம் முப்பத்தெட்டாயிரம்.
வரவு என்ற கட்டத்தில் ஒரு சிறு கோடு.

வங்கிகள் வெங்காய விலை கேட்பதில்லை.
தூதரகங்களும்.

அழித்தேன்.
சத்தமே வரவில்லை.
நாற்பத்திரண்டாம் வரிசை மேலே ஏறி
நாற்பத்தொன்றானது.
பிரணவரூபனுக்கு நானே தொலைபேசி எடுத்தேன்.
"சரி மேடம்" என்றான்.
அவ்வளவுதான் சொன்னான்.

ஞாயிறு காலை ஐந்து நாற்பது, சுன்னாகம்.
சாக்குகளுக்கு நடுவே குந்தியிருந்தவரிடம்
"சின்ன வெங்காயம் என்ன விலை?" என்றேன்.
அவர் சட்டைப் பையிலிருந்து போனை எடுத்துப் பார்த்தார்.
திரும்ப வைத்தார்.
"மூண்டு நாளாய் மெசேஜ் வரேல்லை, தங்கச்சி.
தம்புள்ளை லொறிக்காரன் சொன்னதுதான் இப்ப விலை."

மேலும் கீழும் பார்த்துவிட்டு,
"நீங்கள் படிச்ச ஆள் போல கிடக்கு.
என்ன விலை எண்டு சொல்லுங்கோவன்."

என் வாயில் ஒரு எண் வந்தது.
முன்னூற்றி இருபது.
எந்தச் சந்தையில், எத்தனை மணிக்கு, யாரைக் கேட்டு?
வெறும் போத்தல் ஒன்று
கண்ணுக்கு முன்னால் ஆடியது.
"தெரியாது அண்ணை" என்றேன்.

அவர் கேட்டதைக் கொடுத்து
இரண்டு கிலோ வாங்கினேன்.
பில் கேட்டதற்குச் சிரித்தார்.
பிறகு சவர்க்காரப் பெட்டி மட்டையில் கிழித்து
திகதி, பொருள், விலை எழுதித் தந்தார்.
எழுத்து அழகு.

திங்கட்கிழமைக் கூட்டத்தில்
அந்த மட்டையை மேசையில் வைத்தேன்.
நிதிப் பொறுப்பாளர் திருப்பித் திருப்பிப் பார்த்து
இதை எந்தக் கணக்கில் போடுவது என்று கேட்டார்.
நான் பதில் தேடுவதற்குள்
அடுத்த விடயத்துக்குப் போய்விட்டார்கள்.

வெங்காயம் நல்ல வெங்காயம்.
கொஞ்சம் ஈரம்.
காய்ந்தபின் நிறுத்துப் பார்த்தேன்:
நூற்றைம்பது கிராம் குறைவு.